வாழைப்பழ அடுக்கு புட்டிங்: நாலு தடவை செய்து பார்த்த குறிப்பு

பிஸ்கட், கஸ்டர்டு, வாழைப்பழம், கிரீம். அடுக்க வேண்டியது நாலே சாமான்தான், அடுப்பு வேலையும் பத்து நிமிடத்துக்கு மேல் இல்லை. ஆனாலும் ராத்திரி பார்த்துப் பார்த்து அடுக்கி ஃப்ரிட்ஜில் வைத்தது, காலையில் அடியில் தண்ணீர் கட்டி, பழம் கறுத்து, மேலே கிரீம் சரிந்து கிடக்கும். பழம் கறுப்பதைத் தள்ளிவிட்டால், மீதிக் கோளாறெல்லாம் ஈரம் இடம் மாறுவதால் வருவதுதான். கஸ்டர்டில் இருக்கும் ஈரம் பிஸ்கட்டுக்குப் போக வேண்டும். போகாவிட்டால் அது புட்டிங்கே இல்லை. பழத்தின் ஈரம் கிரீமுக்குப் போகக் கூடாது. இந்தப் போக்குவரத்தை எங்கே விடுவது, எங்கே மறிப்பது என்பதற்காகத்தான் நாலு கிண்ணமும் தேவைப்பட்டது.

கடைசியில் நிலைத்த அளவு இது. பால் 500 மில்லி, முட்டை மஞ்சள் கரு 4, சர்க்கரை 80 கிராம், கார்ன்ஃப்ளோர் 30 கிராம், வெண்ணெய் 25 கிராம், வெனிலா எசன்ஸ் 1 டீஸ்பூன், உப்பு ஒரு சிட்டிகை. நடுத்தர அளவு வாழைப்பழம் 4, தோல் நீக்கி ஏறத்தாழ 400 கிராம் வரும். உள்ளே கிரீம் வைக்காத மெல்லிய பிஸ்கட் 200 கிராம். கொழுப்பு 35 சதவீதம் உள்ள விப்பிங் கிரீம் 250 மில்லி, ஐசிங் சர்க்கரை 20 கிராம். பாத்திரம் 18 செ.மீ. அகலம், 9 செ.மீ. உயரம் உள்ள நேர்ச்சுவர்க் கண்ணாடிக் கிண்ணம். இரண்டு லிட்டருக்குக் கொஞ்சம் மேலே கொள்ளும், சரியாக நிறையும். சரிந்த சுவர் உள்ள கிண்ணம் வேண்டாம். அடியில் ஒரு அளவும் மேலே ஒரு அளவுமாக அடுக்கின் கணக்கு மாறிவிடும்.

முதல் கிண்ணம்: ராத்திரி கெட்டி, காலையில் கஞ்சி

கஸ்டர்டு கரண்டியின் முதுகில் ஒட்டும் பதம் வந்ததுமே அடுப்பை அணைத்துப் பார்த்த கிண்ணம் இது. இன்னும் விட்டால் முட்டை திரிந்துவிடும் என்ற பயத்தில் பலரும் அந்த இடத்தில்தான் நிறுத்துவார்கள். சூட்டில் நல்ல கெட்டி. ஃப்ரிட்ஜில் எட்டு மணி நேரம் இருந்த பிறகு கரண்டி விட்டால் பாயசம் போல வழிந்தது.

தப்பு மாவு அளவில் இல்லை. மஞ்சள் கருவில் அமைலேஸ் என்ற நொதி உண்டு. மாவுச்சத்தை வெட்டிச் சர்க்கரையாக்குவது அதன் வேலை. நன்றாகக் கொதித்தால்தான் அது செயலிழக்கும். கொதிக்கு முன்பே இறக்கினால் கஸ்டர்டுக்குள் உயிரோடு உட்கார்ந்து, ராத்திரி முழுக்க மாவைத் தின்று தண்ணியாக்கிவிடும். மாவைக் கூட்டுவதால் இது சரியாகாது, கொதிக்க வைத்தால்தான் சரியாகும்.

மாவு சேர்ந்த கஸ்டர்டு கொதித்தால் திரியாது. வீங்கிய மாவு நடுவே நிற்பதால் முட்டைப் புரதங்கள் சீக்கிரம் ஒன்றோடொன்று சேர்ந்து கட்டியாக முடியாது. மாவு சேர்க்காமல் முட்டையை மட்டும் நம்பிச் செய்யும் கஸ்டர்டுக்கு உள்ள விதியை இதற்குப் போடக் கூடாது.

செய்முறை: மஞ்சள் கருவில் சர்க்கரையைக் கொட்டியதும் உடனே அடிக்க வேண்டும். கொட்டிவிட்டு வேறு வேலை பார்க்கப் போனால், சர்க்கரை பட்ட இடத்தில் கரு காய்ந்து சின்னச் சின்ன மஞ்சள் குருணையாகிவிடும், பிறகு கரையாது. நிறம் கொஞ்சம் வெளுத்ததும் கார்ன்ஃப்ளோர், உப்பு. பால் ஓரத்தில் நுரை கட்டும் சூடு வந்ததும் கால் பங்கை மெல்லிய தாரையாகக் கருவில் ஊற்றி அடித்துக்கொண்டே இருக்கவும். பிறகு மொத்தத்தையும் பால் பாத்திரத்தில் சேர்த்து, நடுத்தரத் தீயில் விஸ்க்கால் விடாமல் கிளற வேண்டும். கரண்டி போதாது, பாத்திரத்தின் அடியும் சுவரும் சேரும் மூலையில் கரண்டி போகாது, அங்கேதான் முதலில் பிடிக்கும்.

முதல் இரண்டு, மூன்று நிமிடம் ஒன்றும் நடக்காது. பிறகு ஓரத்திலிருந்து திட்டுத்திட்டாகக் கட்டி வரும். கெட்டுப்போய்விட்டது என்று தோன்றுகிற இடம் இதுதான், கெடவில்லை. வேகத்தைக் கூட்டி அடித்தால் அரை நிமிடத்தில் வழவழப்பாகிவிடும். மேலே நின்ற நுரை தானாக அடங்கும். கிளறுவதை ஒரு நொடி நிறுத்திப் பார்த்தால் நடுவில் ஒரு குமிழி மெதுவாக எழும்பி ‘பொளக்’ என்று வெடித்து, சின்னப் பள்ளம் விட்டுப்போகும். கணக்கு அங்கிருந்துதான் ஆரம்பம்: முழுதாக ஒரு நிமிடம், அடித்தபடியே. இறக்கியதும் வெண்ணெய், எசன்ஸ், கடைசியாக ஒரு வடிகட்டி. வடிகட்டியில் நிற்கும் இரண்டு மூன்று வெந்த முட்டைத் துணுக்கைப் பார்த்தால் அந்த வேலையை யாரும் தவிர்க்க மாட்டார்கள்.

இரண்டாவது கிண்ணம்: ஆறிய கஸ்டர்டும் கறுத்த பழமும்

கஸ்டர்டு இம்முறை உறுதியாக நின்றது. அதை ஃப்ரிட்ஜில் முழுதாகக் குளிரவைத்து, பிறகு அடித்து இளக்கி அடுக்கியதில் வேறு தொல்லை. கார்ன்ஃப்ளோர் கஸ்டர்டு குளிர்ந்து ஒரு தடவை இறுகிவிட்டால், அதைக் கலைத்த பிறகு பழையபடி இறுகாது. அடிக்க அடிக்க இளகிக்கொண்டே போகும்; உள்ளே பிடித்துவைத்த தண்ணீரும் கொஞ்சம் கொஞ்சமாகக் கசியும். சூடாக ஊற்றினாலோ பழம் வெந்த வாடை வரும். ஆகவே நடுவழி: இறக்கி, கிளிங் ஃபிலிமைக் கஸ்டர்டின் மேல் ஒட்டினாற்போல் போட்டு, கை பொறுக்கும் வெதுவெதுப்பு வரும்வரை ஆறவிட்டு, அந்தச் சூட்டிலேயே அடுக்கிவிட வேண்டும். இறுகுவது கிண்ணத்துக்குள் நடக்கட்டும். ஃபிலிமைக் கிண்ணத்தின் வாயில் இழுத்துக் கட்டினால் ஆவி மேலே தட்டி, சொட்டுச்சொட்டாகத் திரும்பக் கஸ்டர்டில் விழும். மேலே ஆடையும் கட்டும். ஒட்டிப் போட்டால் இரண்டும் இல்லை.

பழம். தோல் முழு மஞ்சளாகி, அங்கங்கே ஊசிமுனைப் புள்ளி விழத் தொடங்கிய பழம்தான் இதற்கு. காம்பில் பச்சை தெரிந்தால் மாவுச்சத்து இன்னும் முழுக்கச் சர்க்கரையாகவில்லை, நாக்கில் துவர்க்கும். தோல் பாதி கறுத்த பழம் கேக்குக்கு ஆகும், அடுக்குக்கு ஆகாது. வெட்டின இடத்தில் பாகு போல் நீர் விடும். வில்லை 8 மில்லிமீட்டர் கனம். மூன்று மில்லிமீட்டர் கனத்தில் வெட்டியது கஸ்டர்டில் காணாமல் போனது. ஒன்றேகால் சென்டிமீட்டர் வில்லை வழுக்கி, பரிமாறும்போது அடுக்கைப் பிளந்துகொண்டு வெளியே வந்தது.

கறுப்பு விஷயத்தில் இந்தக் கிண்ணம் நல்ல பாடமாகிவிட்டது. மறுநாள் காலை வெட்டிப் பார்த்தால், கஸ்டர்டுக்குள் முழுகிய வில்லைகள் ஏறத்தாழ போட்ட நிறத்திலேயே இருந்தன. கண்ணாடிச் சுவரில் ஒட்டி நின்றவை பழுப்பு. மேலே அலங்காரமாக வைத்தவை கறுப்பு. வெட்டியதும் பழத்தின் பாலிபீனால் ஆக்சிடேஸ் என்ற நொதி காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்ந்து செய்யும் வேலை அது. காற்றை மறித்துவிட்டால் பாதிப் பிரச்சினை முடிந்தது. எனவே வில்லைகளைச் சுவரிலிருந்து ஒரு விரல் உள்ளே தள்ளி அடுக்கி, மேலே கஸ்டர்டை ஓரம் வரை தள்ளிப் பூச வேண்டும்.

எல்லாப் பழத்தையும் எலுமிச்சைச் சாற்றில் புரட்டச் சொல்லும் குறிப்புகள் உண்டு. புளிப்பு நொதியை மந்தப்படுத்தும், உண்மைதான். ஆனால் கஸ்டர்டுக்குள் மறையப்போகிற பழத்துக்கு அது வீண். புளிப்பு வாயில் தெரியும், ஈரமும் கூடும். வெளியிலிருந்து தெரியும்படி கண்ணாடியோரம் நிற்க வைக்கும் பத்துப் பன்னிரண்டு வில்லைக்கு மட்டும் அரை டீஸ்பூன் சாறு தடவினால் போதும். பழத்தின் மேல் சர்க்கரை தூவவே கூடாது. உள்ளே இருக்கிற நீரை அது வெளியே இழுத்துவிடும்.

மூன்றாவது கிண்ணம்: பிஸ்கட்டுக்கு எத்தனை மணி நேரம்

ஒரே கிண்ணத்தில் பாதி முழு பிஸ்கட், பாதி வெண்ணெய் பிசறிய தூள். முழு பிஸ்கட் ஒரு மணி நேரத்தில் கடக் கடக்கென்றே இருந்தது. நாலு மணி நேரத்தில் ஓரம் மெத்தென்றும் நடு கொஞ்சம் கெட்டியாகவும். ஆறிலிருந்து பன்னிரண்டு மணி நேரம் வரை கேக் துண்டு மாதிரி. இதுதான் வேண்டிய பதம். இருபத்துநாலு மணி தாண்டினால் குழையத் தொடங்குகிறது. பாலில் முக்கி அடுக்கினால் இந்தக் கணக்கெல்லாம் பாதியாகக் குறைந்து, அடி அடுக்கு கூழாகிவிடும். முக்க வேண்டாம். கஸ்டர்டு தரும் ஈரமே தாராளம்.

தூள் வேறு ரகம். 150 கிராம் தூளுக்கு 65 கிராம் உருக்கிய வெண்ணெய் விட்டுப் பிசறி, அடியில் கிளாஸின் அடிப்பாகத்தால் அழுத்தி, அரை மணி குளிரவைத்தால் கொழுப்பு ஒவ்வொரு துகளையும் பூசிக்கொள்ளும். ஈரம் மெதுவாகத்தான் நுழையும். மறுநாளும் நறநறப்பு மிச்சம் இருந்தது. மறுநாள் பரிமாறுவதாக இருந்தால் அடியில் தூள், நடுவில் முழு பிஸ்கட் என்று கலந்து போடுவது நல்ல ஏற்பாடு. அப்படிச் செய்தால் முழு பிஸ்கட் 100 கிராம் போதும்.

நாலாவது கிண்ணம்: கிரீம், அதோடு ஒரு கேரமல்

கிரீம் ஃப்ரிட்ஜ் குளிரில் இருக்க வேண்டும். அடிக்கும் பாத்திரத்தையும் பதினைந்து நிமிடம் ஃப்ரீசரில் வைத்தால் வேலை சுலபம். கொழுப்பு 30 சதவீதத்துக்குக் கீழே உள்ள கிரீமை எவ்வளவு அடித்தாலும் நிற்காது. கை வலிதான் மிச்சம். விஸ்க்கைத் தூக்கினால் நுனி எழும்பி லேசாக வளையும் கட்டத்தில் நிறுத்தவும். இன்னும் இருபது விநாடி அடித்தால் பளபளப்பு போய்ச் சொரசொரப்பாகி, வெண்ணெய் திரளும் வழியில் போய்விடும். சொரசொரப்பு தட்டியவுடனே கண்டுபிடித்தால், அடிக்காத கிரீம் இரண்டு டேபிள்ஸ்பூன் விட்டுக் கையால் மெதுவாக மடித்துக் கலந்தால் திரும்பிவிடும். வெண்ணெய் பிரிந்துவிட்டால் திரும்பாது. ராத்திரி முழுக்க நிற்க வேண்டிய கிரீமுக்கு ஐசிங் சர்க்கரையோடு ஒரு டேபிள்ஸ்பூன் பால் பவுடர் சேர்த்து அடித்ததில் அடியில் நீர் பிரிவது நன்றாகக் குறைந்தது.

கிரீமை வெதுவெதுப்பான கஸ்டர்டின் மேல் போட்டால் உருகி வழியும். ஆகவே மற்ற அடுக்கெல்லாம் போட்டு, மூன்று நாலு மணி நேரம் குளிர்ந்த பிறகுதான் கிரீம். பழத்துக்கும் கிரீமுக்கும் நடுவே எப்போதும் ஒரு கஸ்டர்டு அடுக்கு இருக்க வேண்டும். அடியிலிருந்து வரிசை: பிஸ்கட், கஸ்டர்டு, பழம், கஸ்டர்டு, மறுபடி அதேபடி ஒரு சுற்று, மேலே கிரீம். கஸ்டர்டை முதலிலேயே நாலு பங்காகப் பிரித்து வைத்துக்கொண்டால் கடைசி அடுக்குக்குப் பற்றாமல் போகாது.

கேரமலுக்கு 100 கிராம் சர்க்கரையைத் தண்ணீர் விடாமல் தேன் நிறம் வரும்வரை உருக்கி, 40 கிராம் வெண்ணெய், சூடுபடுத்திய 80 மில்லி கிரீம், உப்பு. கிரீமை ஊற்றும்போது பொங்கித் தெறிக்கும், ஆழமான பாத்திரம் எடுக்கவும். ருசியில் குறை சொல்ல முடியாது. வைத்த இடம்தான் தப்பு. பழத்தின் மேல் ஊற்றிய பாதியில், மறுநாள் பழம் சுருங்கி, கேரமல் நீர்த்துப் பழுப்புத் தண்ணீராக அடியில் இறங்கியிருந்தது. சர்க்கரை தூவினால் நடப்பதேதான் இங்கேயும். பிஸ்கட்டின் மேல், கஸ்டர்டுக்குக் கீழே ஊற்றிய பாதி ஒழுங்காக நின்றது. கேரமல் போட்டால் கஸ்டர்டின் சர்க்கரையை 55 கிராமுக்குக் குறைக்கலாம், இல்லாவிட்டால் திகட்டும்.

முட்டை வேண்டாதவர்கள் 500 மில்லி பாலுக்கு கஸ்டர்டு பவுடர் 35 கிராம், வெண்ணெய் 30 கிராம் என்று வைத்துக்கொள்ளலாம். அந்தப் பவுடர் பெரும்பாலும் கார்ன்ஃப்ளோர்தான், நிறமும் மணமும் சேர்த்தது. அமைலேஸ் தொல்லை இல்லை, ஆனாலும் பச்சை மாவு வாடை போக ஒரு நிமிடக் கொதி வேண்டும். குளிர்ந்த பாலில் கரைத்துத்தான் ஊற்ற வேண்டும். சூடான பாலில் நேராகக் கொட்டினால் கட்டி தட்டும்.

மீந்ததை ஃப்ரீசரில் வைப்பது வீண் வேலை. உறைந்து இளகிய கார்ன்ஃப்ளோர் கஸ்டர்டு, பிழிந்த ஸ்பாஞ்சு போல ஓட்டை ஓட்டையாகித் தண்ணீரை விட்டுவிடும். ஃப்ரிட்ஜில் இரண்டு நாள், வெளியே இரண்டு மணி நேரம், அதுதான் கணக்கு. பரிமாறும்போது கரண்டியைச் சாய்க்காமல் நேராக அடி வரை இறக்கி, கண்ணாடியோடு ஒட்டினாற்போல் தூக்கினால் முதல் துண்டே முழு அடுக்கோடு வரும். மேலே வைக்கும் பழ வில்லையை அந்த நேரத்தில் வெட்டினால் போதும்.