வடக்கே வேலி, தெற்கே வங்கதேசம்

மேற்கு வங்கத்தின் கூச் பெஹார் மாவட்டத்தில் தின்ஹாட்டா பக்கம் ஒரு வங்கிக் கிளைக்கு என்னை மாற்றியபோது, எல்லையைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் சினிமாவில் பார்த்ததுதான். 1971 பாகிஸ்தான் போரில் நடந்த லோங்கேவாலா சண்டையை வைத்து 1997-இல் வந்த 'பார்டர்' படத்தைப் பார்த்துச் சின்ன வயதில் அழுதிருக்கிறேன். எல்லை என்றால் அங்கே ராணுவம் இருக்கும், குடும்பங்கள் தொலைவில் எங்கோ ஊரில் இருக்கும், அப்படித்தான் மனதில் பதிந்திருந்தது.

அங்கே போய்ச் சேர்ந்த இரண்டாவது வாரமே பயிர்க்கடனுக்காக ஒரு நிலத்தைப் பார்க்கப் போனேன். முள்வேலி வந்தது. கேட்டில் காவலர்கள் அடையாள அட்டையை வாங்கி வைத்துக்கொண்டு அந்தப் பக்கம் போக விட்டார்கள். நாட்டை விட்டே போகிறோமோ என்று எனக்குப் பதற்றம். "இதுவும் இந்தியாதான், மேனேஜர் பாபு" என்றார் நிலத்துக்காரப் பெரியவர். எல்லைக் கோட்டிலிருந்து 150 கஜத்துக்குள் பாதுகாப்புக் கட்டுமானம் கூடாது என்று 1975-இல் இரு நாடுகளும் ஒத்துக்கொண்டதால், பல இடங்களில் வேலியை உள்ளே தள்ளிப் போட்டிருக்கிறார்கள். அவருடைய இரண்டு பிகா நிலமும் வேலிக்கு அந்தப் பக்கம் மாட்டிக்கொண்டது. கேட் திறந்த பிறகுதான் நடவு, மூடுவதற்குள் ஆட்கள் திரும்பியாக வேண்டும். சணல் போடலாம் என்றால், ஆள் உயரத்துக்கு மேல் வளர்ந்து காவலர்களின் பார்வையை மறைக்கும் என்று விடுவதில்லை. நெல்தான். உண்மையான எல்லை ஒரு சின்னக் கல்தூண். அதன் பக்கத்தில் நின்றபோது என் போன் வங்கதேச சிக்னலைப் பிடித்து, கடிகாரம் அரை மணி நேரம் முன்னால் போய்விட்டது.

போர்ப் படங்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை, அந்தச் சண்டைகளில் செத்தவர்கள் உண்மையாகவே செத்தார்கள். ஆனால் அந்தப் பெரியவர் நிற்கிற இடத்துக்குக் கேமரா வருவதே இல்லை. கிளையில் கூட வேலை பார்த்த வங்காளி நண்பர், ரித்விக் கட்டக் 1961-இல் எடுத்த 'கோமல் காந்தார்' பார்க்கச் சொன்னார். பிரிவினையில் ஊரை இழந்த இருவர் பத்மா நதிக்கரையில் நின்று எதிர்க்கரையைப் பார்ப்பார்கள். கேமரா பழைய தண்டவாளத்தின் மேல் வேகமெடுத்து ஓடி, பாதை முடிகிற தடுப்பில் முட்டித் திரை இருண்டுவிடும். எந்தப் போர்க் காட்சியும் என்னை இப்படி உலுக்கியதில்லை. ஆனால் அதிலும் பாதை எல்லையில் முடிந்துவிடுகிறது, பெரியவர் தினமும் காலையில் வேலைக்குப் போகிற பாதையே அதுதான்.

கடனுக்கான அறிக்கையில், நம்மூர்ப் பத்திரத்தில் நிலத்தின் நான்கு பக்க எல்லையைச் சொல்லிச் சக்குபந்தி எழுதுகிற மாதிரி, வடக்கே வேலி, தெற்கே வங்கதேசம் என்று எழுதினேன். மேலதிகாரி போன் செய்து, விளைச்சல் வெளியே வந்து சேருமா என்று கேட்டார். கேட் திறந்திருக்கும் நேரத்தில் வரும் சார் என்றேன். சரி, கொடுங்கள் என்றார்.