அரைப்பேர்

நவம்பர் 2, ஹட்டன், இலங்கை மலையகம்

காலையிலிருந்து மழை. தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடான லயத்து வாசலில் எடுக்க வேண்டிய காட்சி இன்றும் நடக்கவில்லை. கேமராவுக்குக் கொடுத்த ஒரு நாள் வாடகை போச்சு. பதினைந்து நிமிடக் குறும்படம்தான், ஆனாலும் கடன் கடன்தானே. இயக்குவதும் நான், காசு புரட்டுவதும் நான். தூக்கம் வராமல், எனக்கு முன்னே இப்படிக் கணக்கோடு விழித்திருந்த பெண்களைத் தேடினேன். டி. பி. ராஜலட்சுமி கிடைத்தார்.

நவம்பர் 4

1911இல் திருவையாற்றில் பிறந்தவர். சின்ன வயதிலேயே கல்யாணம் செய்து வைத்தார்கள், அது நிலைக்கவில்லை. அப்புறம் நாடகக் கம்பெனி. தமிழின் முதல் பேசும்படமான 'காளிதாஸ்' 1931இல் வந்தபோது கதாநாயகி அவர்தான். இதை எல்லோரும் சொல்கிறார்கள்.

எனக்கு 1936தான் பெரிது. தான் எழுதிய நாவலையே 'மிஸ் கமலா' என்று படமாக்கினார். திரைக்கதை, இயக்கம், நடிப்பு, தயாரிப்பு எல்லாம் அவரே. தமிழில் படம் இயக்கிய முதல் பெண். வயது 25கூட நிறையவில்லையோ என்னவோ! நடிப்பவருக்குப் படம் ஓடாவிட்டாலும் சம்பளம் உண்டு. தயாரிப்பவர் தலையில் எல்லாம் விழும்: ஸ்டூடியோ வாடகை, பிலிம் சுருள், ஆட்களின் சாப்பாடு. அந்தத் துணிச்சலை நினைத்து இன்று முழுக்க நெஞ்சு நிறைந்து கிடந்தேன்.

நவம்பர் 7

கொழுந்தெடுத்துவிட்டு வந்த அம்மா, அட்டை கடித்த காலைக் கழுவிக்கொண்டிருந்தார். ராஜலட்சுமி கதையைச் சொன்னேன்.

"அந்தப் படத்தைப் பார்க்கலாமா?"

"ஒரு பிரதிகூட மிஞ்சல அம்மா. காளிதாசும் இல்ல."

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். "நடிச்சத மட்டும்தானே சொல்றாங்க? அப்ப அந்தப் புள்ளைக்கு அரைப்பேர்தான் போட்டிருக்காங்க."

மலைக்கு வெளியே இருப்பவர்களுக்காக எழுதுகிறேன்: தோட்டத்தில் ஒரு நாள் வேலைக்குப் பதிவது 'பேர்'. கொழுந்து கிலோ குறைந்தால் அரைப்பேர், அதாவது பாதிச் சம்பளம். நாள் முழுக்க மலையில் நின்றிருந்தாலும் அவ்வளவுதான். போன மாதம் அம்மாவுக்கு மூன்று நாள் அப்படி விழுந்தது. கொட்டுகிற மழையில் நின்றவருக்கு! இன்னும் வயிறு எரிகிறது.

நவம்பர் 9

இரண்டு மணி நேரம் வெயில். காட்சி முடிந்தது. கேமராக்காரருக்குக் கொடுத்தது அம்மாவின் சீட்டுக் காசு. கூரைத் தகரம் மாற்ற வைத்திருந்தது.

நவம்பர் 11

இன்று ராஜலட்சுமியின் பிறந்த நாள்.

பெயர்களை எழுத உட்கார்ந்தேன். 'தயாரிப்பு' என்பதற்குக் கீழே என் பெயர் இருந்தது. அழித்துவிட்டு அம்மாவைக் கூப்பிட்டேன். அடையாள அட்டையில் இருப்பதுபோலவே எழுதட்டுமா என்று கேட்டேன்.

"அதுல தப்பா பதிஞ்சிருக்கு. எங்கப்பா வச்ச பேர எழுது" என்றார். பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னார். நான் எழுதினேன்.