ஒரு ஸ்டேஷன் முன்னாலேயே இறங்கினேன்

பட்டர்வொர்த்திலிருந்து கோலாலம்பூர் வரும் இ.டி.எஸ். ரயிலில் பாதிப் பேர் கண் விழிப்பதே கே.எல். சென்ட்ரலில்தான். அதற்கு முந்தின ஸ்டேஷனின் பலகையில் 'கோலாலம்பூர்' என்றே எழுதியிருக்கும். ஆனாலும் அங்கே இறங்குவது நாலைந்து பேர். போன மாதம் அந்த நாலைந்து பேரில் நானும் ஒருவன்.

பிளாட்பாரத்தில் பெரியப்பா எனக்கு முன்னாடியே வந்து நின்றிருந்தார். கையில் குடை, தோளில் துண்டு. "பசியாறிட்டியா தம்பி?" என்று கேட்டவர், பதில் வருவதற்குள் சுவர் பக்கம் திரும்பிக்கொண்டார். பெரியப்பா ரயில்வேயில் கொத்தனாராக இருந்தவர். குவார்ட்டர்ஸ் கூரை ஒழுகல், ஸ்டேஷன் சுவர் விரிசல், செந்தூல் பட்டறைத் தரை என்று இருபத்தெட்டு வருஷம் கரணை பிடித்த கை. ஓய்வு பெற்ற பிறகும் எந்தச் சுவரைக் கண்டாலும் விரலால் ஒரு தட்டுத் தட்டாமல் நகர மாட்டார். "பழைய கட்டடங்களை எனக்குச் சுத்திக் காட்டுங்க" என்று நான்தான் கேட்டிருந்தேன்.

இந்த ஸ்டேஷன் திறந்தது 1910இல். வரைந்தவர் ஆர்தர் பெனிசன் ஹப்பேக், பொதுப்பணித் துறைக் கட்டடக் கலைஞர். வெளியே வந்து சாலையைத் தாண்டி நின்று பார்த்தால் வெள்ளை வெளேரென்று மண்டபங்கள், குடைகுடையாகச் சின்னக் கோபுரங்கள், குதிரை லாட வளைவுகள். எதிரே அதே ஹப்பேக் வரைந்து 1917இல் முடித்த ரயில்வே தலைமை அலுவலகம். ஸ்டேஷன் கூரை இங்கிலாந்து விதிப்படி மூன்றடிப் பனியைத் தாங்கும்படி கட்டப்பட்டது என்று வழிகாட்டிகள் ஒரு கதை சொல்வார்கள். பெரியப்பா அதைக் கேட்டுச் சிரித்தார். "பனி எங்கடா வந்துச்சு. இங்க மழைத் தண்ணி எங்க இறங்குதுன்னு கண்டுபிடிக்கவே நாங்க தவிச்சோம்."

கொஞ்சம் தள்ளித்தான் தேசியப் பள்ளிவாசல். 1965. விரித்த குடை மாதிரிக் கூரை, 73 மீட்டர் உயர மினாரா. என் கண்ணுக்கு இந்தச் சுற்றுவட்டாரத்தில் நேர்மையான கட்டடம் அதுதான். ஏன் என்பதற்கு இன்னும் கொஞ்சம் நடக்க வேண்டும்.

டத்தாரான் மெர்டேக்காவுக்கு, அதாவது சுதந்திரச் சதுக்கத்துக்குப் போனோம். எதிரே சுல்தான் அப்துல் சமாட் கட்டடம். 1894இல் அடிக்கல், 1897இல் முடிந்தது. அன்றைக்கு அது சிலாங்கூர் அரசாங்க அலுவலகம். முதலில் ஏ.சி. நார்மன் ஐரோப்பிய பாணியில்தான் வரைந்து கொடுத்தாராம். அரசாங்கப் பொறியாளர் ஸ்பூனருக்குப் பிடிக்கவில்லை. முஸ்லிம் நாடு, அதனால் முஸ்லிம் பாணியில் இருக்கட்டும் என்று மாற்றச் சொன்னார். பிட்வெல் என்பவரும் சேர்ந்து வரைந்ததுதான் இப்போது நாம் பார்ப்பது. ஸ்பூனர் அதற்கு முன் இலங்கையில் வேலை பார்த்தவர். கைக்கெட்டிய தூரத்தில் இருந்த 'முஸ்லிம் பாணி' வெள்ளைக்காரன் இந்தியாவில் கட்டிக்கொண்டிருந்த கலவைதான். மலாய்க்காரர்கள் வீடு கட்டியது மரத்தில், கால் வைத்து, அத்தாப்பு ஓலைக் கூரை போட்டு. அதற்கும் இந்தச் செம்புக் கவிகைகளுக்கும் (குவிமாடங்களுக்கும்) ஒரு சம்பந்தமும் இல்லை. நாட்டுக்காரனின் அடையாளம் என்று சொல்லி, அவனுக்கே தெரியாத ஒன்றை அவன் தலையில் வைத்தார்கள். சுதந்திரம் வந்த பிறகு கவிகையே வேண்டாம், குடை போதும் என்று கட்டிய பள்ளிவாசல் எனக்குப் பிடித்துப்போனது இதனால்தான்.

பெரியப்பாவுக்கு இந்த ஆராய்ச்சியெல்லாம் ஏறவில்லை. ஒரே ஒரு முறை சென்னைக்குப் போய் வந்தவர். "எக்மோர் ஸ்டேஷன் பார்த்திருக்கியா? இதே சிவப்புச் செங்கல், இதே வெள்ளை வளைவு. நம்மளைப் பார்த்துத்தான் கட்டியிருக்கான்."

எழும்பூர் 1908. இது 1897. கணக்குப்படி பெரியப்பா சொல்வதுதான் சரி! ஆனாலும் விட மனசில்லாமல், "மெட்ராஸ் ஹைகோர்ட் 1892லேயே வந்துடுச்சு பெரியப்பா" என்றேன்.

"கோர்ட்டுக்கு நான் எதுக்குப் போறேன்?"

இந்தக் கட்டடத்துக்கு 40 லட்சம் செங்கல் போயிற்று என்று கணக்கு இருக்கிறது. இத்தனை செங்கல் எங்கிருந்து வந்தது என்பதுதான் இந்த ஊரின் உண்மையான கதை. 1857இல் வெள்ளீயம் தோண்ட வந்தவர்கள் போட்ட ஊர் கோலாலம்பூர். எல்லாம் பலகையும் அத்தாப்பும். 1881இல் முதலில் தீ வந்தது, அதே ஆண்டு வெள்ளமும் வந்தது. பலகை வீடுகள் பலவும் போயின. அடுத்த ஆண்டு சிலாங்கூருக்கு பிரிட்டிஷ் அதிகாரியாக, ரெசிடென்டாக வந்த ஃபிராங்க் சுவெட்டன்ஹாம் இனிமேல் செங்கல்லிலும் ஓட்டிலும் கட்டுங்கள் என்று பிடிவாதமாக நின்றார். சீனர்களின் தலைவரான கப்பித்தான் யாப் ஆ லோய் சூளை போட்டார். சூளை போட்ட அந்தக் களிமண் நிலம்தான் பிரிக்பீல்ட்ஸ். நாம் தோசை சாப்பிடவும் மாலை வாங்கவும் போகிற அதே பிரிக்பீல்ட்ஸ். சென்னையில் ஒரு சூளைமேடு இருப்பதுபோல இது கோலாலம்பூர் சூளைமேடு. பின்னால் ரயில்வே வந்து, நம்மவர்கள் வந்து, வரிசை வரிசையாகக் குவார்ட்டர்ஸ் எழும்பியதும் அதே மண்ணில்தான். அதில் பேர்பெற்ற நூறு வீட்டு வரிசை இப்போது இல்லை, இடித்துவிட்டார்கள்.

பெரியப்பா சுல்தான் அப்துல் சமாட் கட்டடத்தின் தூண் ஒன்றின் அருகில் குனிந்தார். நானும் குனிந்தேன். இரண்டு செங்கல்லுக்கு நடுவில் வெளிறிய சாந்து. நகத்தால் சுரண்டினால் மாவு மாதிரி உதிர்ந்தது.

"இது சுண்ணாம்பு. செங்கல்லை விட மிருதுவா இருக்கணும். சுவர் தண்ணி குடிக்கும், அப்புறம் இந்த இடுக்கு வழியாத்தான் மூச்சு விடும். தேயுறதா இருந்தா சாந்து தேயட்டும், கல் நிக்கும். தேய்ஞ்சா திரும்பப் பூசிக்கலாம்." ஒரு கை தள்ளிச் சாம்பல் நிறத்தில் ஒரு ஒட்டு இருந்தது. அதைச் சுற்றியிருந்த செங்கல்லின் முகம் பொரிந்து, செதில் செதிலாக உரிந்திருந்தது. "பாரு. எவனோ சிமென்ட்டு வச்சு அடைச்சிருக்கான். தண்ணி வெளிய வர வழியில்ல. கல்லு வழியா வருது, கல்லைத் தின்னுட்டு வருது." தலையில் அடித்துக்கொண்டார். "வேலை தெரியாதவன் கையில கரணையக் குடுத்தா இப்படித்தான்."

அதற்குப் பிறகு எனக்கு அந்தக் கட்டடத்தின் மணிக்கூண்டு கண்ணில் படவேயில்லை. எங்கே போனாலும் இடுக்கைத்தான் பார்த்தேன்.

மஸ்ஜிட் ஜாமேக் பள்ளிவாசல் 1909, அதுவும் ஹப்பேக். கோம்பாக் ஆறும் கிள்ளான் ஆறும் சேரும் முனையில், பழைய மலாய் அடக்க நிலத்தில் கட்டியது. சிவப்பும் வெள்ளையுமாகப் பட்டை பட்டையாய்ப் போகும் சுவர், சுற்றிலும் தென்னை. ஆற்று ஓரமாக நடந்துகொண்டிருந்தபோது மழை பிடித்தது. பெரியப்பாவின் ஒரே குடைக்குள் இரண்டு பேர். என் வலது பக்கம் முழுக்க நனைந்துவிட்டது. லெபோ அம்பாங் பக்கம் ஓடி ஒரு அஞ்சடியில் ஒதுங்கினோம். செட்டியார்கள் கிட்டங்கி வைத்து வட்டிக்கு விட்ட தெரு. கடை முகப்புக்குக் கீழே ஐந்தடி அகலத்துக்கு நடைபாதை விட்டே ஆகவேண்டும் என்பது சிங்கப்பூரில் ராஃபிள்ஸ் காலத்திலேயே வந்த விதி. இந்த ஊரும் அப்படியே எடுத்துக்கொண்டது. வெயிலுக்கும் மழைக்கும் இதைவிட நல்ல கட்டடக் கலை எனக்குத் தெரியாது. ஒரு தே தாரிக் (நுரைக்க ஆற்றிய டீ), இரண்டு வடை. மழை நின்றது.

மகா மாரியம்மன் கோயிலில் உச்சிக்கால பூஜை முடிந்திருந்தது. 1873இல் தம்புசாமிப் பிள்ளை தொடங்கிய கோயில். பத்துமலைக் கோயிலைத் தொடங்கியவரும் அவர்தான். முதலில் ரயில் ஸ்டேஷன் பக்கம் இருந்தது, 1885இல் இங்கே வந்தது. பழைய செங்கல் கோயிலை இடித்துவிட்டு, ஐந்து நிலைக் கோபுரத்தோடு இப்போது நிற்பது புதுசு, 1968. அந்தப் பழைய செங்கல் கோயிலை இருக்கவிட்டிருக்கலாமே என்று முணுமுணுத்தேன். "கோயில்னா திருப்பணி நடக்கணும். உன் மியூசியமா அது?" என்றார் பெரியப்பா. பதில் சொல்லவில்லை. ஆனால் என் கருத்தில் மாற்றமில்லை.

பிளாசா ராக்யாட்டில் எல்.ஆர்.டி. நகர ரயில் பிடித்துச் செந்தூல். பெட்ரோனாஸ் இரட்டைக் கோபுரத்தை வழியில் ஜன்னலோடு பார்த்ததோடு சரி. 452 மீட்டரைக் கழுத்து வலிக்கப் பார்த்தவர்கள் நிறையப் பேர் எழுதியாயிற்று.

செந்தூல் பட்டறை எந்தச் சுற்றுலாப் படத்திலும் வராது. கவிகை கிடையாது, மணிக்கூண்டு கிடையாது. நீள நீளமான கொட்டகைகள், இரும்புச் சட்டம், செங்கல் சுவர். மலாய் மாநிலங்களின் ரயில் எஞ்சினையும் பெட்டியையும் பழுது பார்த்த மத்தியப் பட்டறை. கவிகை கேட்ட அதே ஸ்பூனர்தான் 1901க்குப் பிறகு ரயில்வே பொது மேலாளர். அவர் காலத்தில் எழுந்ததுதான் இதுவும். கொழுத்த நாளில் ஆயிரக்கணக்கான பேர், அதில் தமிழர்கள் ஏராளம். 1945இல் பி-29 விமானங்கள் இதைக் குறிவைத்துக் குண்டு போட்டன. இப்போது வேலையெல்லாம் பத்து காஜாவுக்குப் போய்விட்டது. பக்கத்தில் ஒரு பழைய ரயில்வே கட்டடம் 2005இல் நாடக அரங்கானது. அதை அழகாகத்தான் வைத்திருக்கிறார்கள்.

உள்ளே போக அனுமதியில்லை என்றார் காவலாளி. பெரியப்பா வாதாடவில்லை. வெளிச்சுவரை ஒட்டி மெதுவாக நடந்தார். இங்கே சங்கு ஊதும், அங்கே டீக்கடை இருந்தது, இந்த மரம் அப்போது இடுப்பளவு என்று சொல்லிக்கொண்டே வந்தவர், சுவரில் ஒரு திருப்பத்தில் நின்றார். முழங்கால் உயரத்தில் சாம்பல் நிறத்தில் ஒரு ஒட்டு. இரண்டு முழ நீளம். சுற்றிலும் செங்கல் பொரிந்து, சிவப்புத் தூள் அடியில் குவிந்திருந்தது.

"இங்கயும் எவனோ..." என்று நான் ஆரம்பித்தேன்.

"நான்தான்," என்றார். "எழுபத்தொம்பதோ எண்பதோ. லாரி பின்னால வந்து இடிச்சிட்டான். சாயங்காலத்துக்குள்ள முடின்னு சொன்னாங்க. ஸ்டோர்ல சிமென்ட்டுதான் இருந்துச்சு."

குடையின் நுனியால் அந்தத் தூளை ஒரு ஓரமாகத் தள்ளினார். பிறகு துண்டால் கையைத் துடைத்துக்கொண்டு, எல்.ஆர்.டி. ஸ்டேஷனைப் பார்த்து எனக்கு முன்னால் நடக்க ஆரம்பித்தார்.