குப்புறப் படுத்த நாட்கள்

மார்ச் 17
ஆபரேஷன் முடிந்தது. கண்ணுக்குள் வாயுக் குமிழி வைத்திருக்கிறார்கள். ஏழு நாள் அம்மா குப்புறத்தான் படுக்க வேண்டுமாம், இல்லாவிட்டால் விழித்திரை ஒட்டாது.

மார்ச் 18
நடுவில் ஓட்டை வைத்த தலையணை. அதில் முகத்தைப் புதைத்துக்கொண்டு தரையோடு பேசுகிறாள். "ஏதாவது படம் போடுடி, கேட்டுக்கிட்டுப் படுத்திருக்கேன்." எந்தப் படம் என்றேன். "சின்ன வயசுல என்னைத் தூங்கவிடாத படம்."

மார்ச் 19
'லா மல்தீசியோன் தே லா யோரோனா'. 'அழுகிறவளின் சாபம்' என்று அர்த்தம். 1961இல் எடுத்து 1963இல் வெளியான மெக்சிகோ பேய்ப் படம். இரவு, காடு, குதிரை வண்டி. மரங்களுக்கு நடுவே கறுப்பு உடையில் ஒருத்தி நாய்களைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நிற்கிறாள். அம்மாவுக்குச் சத்தம் மட்டும்தான், முகமெல்லாம் நான்தான் சொல்ல வேண்டும். "அவளுக்குக் கண் இருக்கா?" என்று கேட்டாள். இல்லை, குழிதான் என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகுதான் உறைத்தது. நாய் நாலு என்கிறாள், நான் மூன்றுதான் பார்த்தேன்.

மார்ச் 20
மறுபடி அதே பத்து நிமிடம். மறுபடி அதே நாய்ச் சண்டை.

மார்ச் 21
இந்தப் படத்தை எடுத்தது ரஃபாயேல் பலேதோன் என்றால் அம்மா நம்ப மாட்டேன் என்கிறாள். அவளுக்கு அவர் டிவி தொடரில் வரும் பெரியவர், அதைவிட முக்கியம், நம்ம ஊர்க்காரர். 1919இல் மெக்சிகோவின் கம்பேச்சேயில் பிறந்தவர். முதலில் நடிகராகத்தான் வந்தார், மனைவி லிலியா மிச்செலும் நடிகை, ஐம்பதுகளில் கேமராவுக்குப் பின்னால் போய்விட்டார். கௌபாய் கதைக்குள் சதுப்புநிலப் பூதத்தை விட்டார், பிராங்கன்ஸ்டைனை மெக்சிகோவுக்குக் கொண்டுவந்தார். பியானோக்காரன் ஒருவன் சாத்தானுக்கு ஆன்மாவை விற்கும் படம் எனக்கு எல்லாவற்றையும்விடப் பிடிக்கும். அந்த ஒரு இசையை வாசித்தால் அவன் மிருகமாகிவிடுவான், வாசிக்காமலும் அவனால் இருக்க முடியாது. அவனாக நடித்த என்ரிக்கே ரம்பாலின் முகத்தில் முதலில் வருவது ஆசைதான், மிருகம் அப்புறம்தான். முகத்தில் ஒன்று மாறுவதற்குக் காத்திருக்க நடித்துப் பழகிய ஆளுக்குத்தான் தெரியும் என்று எனக்குத் தோன்றுகிறது. மலிவுப் படம் என்று ஒதுக்குகிறவர்கள் மேல் எனக்குக் கோபம்தான் வருகிறது. யோரோனா படத்தில் கணவன் மனைவியாக வரும் ஆபெல் சலாசாரும் ரோசிதா அரேனாசும் நிஜத்திலும் தம்பதி, தயாரிப்பாளரும் சலாசார்தான். இதையெல்லாம் சொல்லிக்கொண்டே இருந்தேன். சொல்லி முடித்துப் பார்த்தால் அம்மா தூங்கவில்லை. "கண்ணோரத்துல திரை விழுற மாதிரி இருக்குடி" என்றாள். டாக்டர் பயப்படச் சொன்னதே அதைத்தான். போன் செய்தேன், குமிழியின் விளிம்பாக இருக்கலாம், நேரில் பார்க்காமல் சொல்ல முடியாது என்றார்கள். இருக்கலாம் என்ற ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டு ராத்திரியை எப்படிக் கழிப்பது?

மார்ச் 22
எழுத மனமில்லை.

மார்ச் 24
1982இல் இதே நாளில்தான் மெக்சிகோ நகரத்தின் சினிதேகா, அந்தத் திரைப்படக் காப்பகம், எரிந்தது. ஆயிரக்கணக்கான படச்சுருள்கள் போயின. அன்று சாயங்காலம் அம்மா தல்பான் சாலையில் பஸ்ஸில் வந்துகொண்டிருந்தாளாம், சுருபுஸ்கோ பக்கம் புகையைப் பார்த்தாளாம். என்ன எரிகிறது என்று மறுநாள்தான் தெரிந்திருக்கிறது. இவ்வளவு வருஷத்தில் என்னிடம் ஒரு தடவைகூடச் சொன்னதில்லை. பலேதோன் 1994 வரை இருந்தார், அந்தச் செய்தியை எப்படிக் கேட்டிருப்பார் என்று நினைத்துக்கொண்டே அம்மாவின் கழுத்துக்கு எண்ணெய் தேய்த்தேன். கழுத்து கல்லாக இறுகிக் கிடக்கிறது.

மார்ச் 25
எட்டு மணிக்கு வரச் சொன்னார்கள், இப்போது பத்தரை. நேற்று ராத்திரியிலிருந்து திரை என்ற பேச்சையே எடுக்கவில்லை, கேட்கவும் எனக்குப் பயமாக இருக்கிறது. உள்ளே கூப்பிட்டபோது என் கையை விடாமல், "மூணா, நாலா?" என்றாள். மூணும்மா என்றேன். "திரும்பி வந்து நானே எண்ணிப் பாக்கறேன்."