வழுக்கையாற்றில் சுற்றாத சில்லு

கிழக்கு லண்டனில் லீ ஆற்றோரம் ஹவுஸ் மில் என்றொரு பழைய நீராலை இருக்கிறது. 1776இல் கட்டியது. சென்ற கோடையில் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போனேன். கடலின் வற்றுப்பெருக்கில் ஓடிய ஆலை அது. பெருக்கில் ஏறிவரும் தண்ணீரைக் கதவு போட்டு மறித்து, வற்றில் திறந்துவிட்டால் நான்கு பெரிய சில்லுகள் சுற்றும். மேல்மாடியில் கற்கள் தானியம் அரைக்கும். ரொட்டிக்கு அரைத்தார்கள் என்று நினைத்தேன். பக்கத்து வடிசாலையில் ஜின் காய்ச்சவாம்! 1941இல் நின்றுபோனது.

யாழ்ப்பாணத்தில் எங்கள் விஞ்ஞான வாத்தியார் கரும்பலகையில் கீறிய நீராலை ஞாபகம் வந்தது. “சேர், இதை எங்கள் வழுக்கையாற்றில் வைக்கலாமா?” என்று அன்று கேட்டேன். “வைக்கலாம். மார்கழிவரை அரைக்கலாம். பிறகு ஆடு கட்டலாம்” என்றார்.

தெல்லிப்பழைப் பக்கம் தொடங்கி, கந்தரோடை, சண்டிலிப்பாய் தாண்டி அராலியில் கடலேரியைச் சேரும் எங்கள் ஆறு மாரியில்தான் ஆறு. மற்ற மாதங்களில் மாடு மேயும் தரவை. லண்டன்காரர் கடலை உள்ளே விட்டு வேலை வாங்கியிருக்கிறார்கள். நாங்களோ உவர் ஏறினால் வயல் போய்விடும் என்று அராலியில் தடுப்பணை கட்டி வைத்திருந்தோம்.

ஆற்றுக்குப் பதில் எங்களிடம் இருந்தது கால்தான். 1990இல் போரால் மண்ணெண்ணெய்க்குத் தடை வந்ததும் தண்ணீர்ப் பம்ப் மூலைக்குப் போனது. அப்பு, கிணற்றில் இறைக்கும் நீண்ட மரமான பழைய துலாவை மறுபடி ஆடுகாலில் ஏற்றினார். விடிய நாலு மணிக்கு அண்ணாவும் நானும் துலாவில் ஏறி முன்னும் பின்னும் நடப்போம். கீழே அப்பு இறைக்கும் பட்டையைப் பிடித்து வெங்காயத்துக்குத் தண்ணீர் இறைப்பார். “கீழே பார்க்காதே ராசா, பனையைப் பார்த்து நட.” ஏழரை மணிக்குப் பள்ளிக்கூடம். முதற்பாடத்தில் தூங்கியதற்கு வாங்கிய அடிகளை இப்போது மன்னித்துவிட்டேன்.

இரவில் ஜாம் போத்தல் விளக்கு. செய்தி நேரத்தில் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, டைனமோவில் ரேடியோவைக் கொழுவி, பெடலைக் கையால் சுற்றுவோம். கை சோர்ந்தால் வாசிப்பவரின் குரலும் அமுங்கும். சுற்றுவதற்கு முறை வைத்திருந்தோம்.

ஒருநாள் அந்த விஞ்ஞான வாத்தியாரும் செய்தி கேட்க வந்திருந்தார். என் முறை. முக்கியமான இடத்தில் குரல் தேய்ந்தது. சாறத்தை மடித்துக்கொண்டு பக்கத்தில் குந்தினார்.

“ஆறு வற்றுகிறது தம்பி. இங்கே தா” என்று பெடலைப் பிடித்தார்.