உதமாரோவின் கைகள்: ஒரு மௌன நாடகக் குறிப்புகள்

ஜூன் 3

ஜப்பானிய மரப்பலகை அச்சு ஓவியர் கிதாகவா உதமாரோவைப் பற்றி வசனமே இல்லாத நாடகம் ஒன்றை எழுத இன்று உட்கார்ந்தேன். ஹிதேயோஷி என்ற முன்னாள் ஆட்சியாளரைச் சித்திரித்த அச்சுப்படங்களுக்காக 1804-இல் எடோ (இன்றைய டோக்கியோ) நகர அதிகாரிகள் அவருக்கு 50 நாள் கைவிலங்கு பூட்டினார்கள். வாளும் போரும் அரண்மனையும் எனக்கு வேண்டாம். தூரிகை பிடித்தே பழகிய இரண்டு கைகள் ஒன்றாகப் பூட்டப்பட்டு மடியில் கிடக்கும் காட்சி ஒன்றே போதும். அதற்கு வசனம் எழுதினால் கெட்டுப்போகும்.

ஜூன் 5

செதுக்கும் காட்சி இன்றைய பொழுது முழுவதையும் எடுத்துக்கொண்டது. ஓவியர் மெல்லிய தாளில் மையால் வரைந்ததைச் செதுக்குபவர் செர்ரி மரப்பலகையின்மேல் முகம் கவிழ்த்து ஒட்டுகிறார். தாளின் பின்புறத்தை விரல்நுனியால் தேய்த்துத் தேய்த்து உரித்தபின் கோடுகள் தெளிகின்றன. பிறகு ஒவ்வொரு கோட்டின் இருபுறமும் கத்தி இறங்குகிறது. பெண்ணின் நெற்றியோரத்து முடி இழை இழையாக மேடாக எஞ்சி நிற்க, சுற்றியுள்ள மரமெல்லாம் சீவப்படுகிறது. வேலை முடியும்போது ஓவியரின் மூலத்தாள் இருக்காது. எத்தனை முறை நினைத்தாலும் மனம் கனக்கிறது. உதமாரோவின் கோடு என்று நாம் வியப்பது, பெரும்பாலும் பெயர் தெரியாத ஒருவரின் கத்தி காப்பாற்றிக் கொடுத்த கோடு.

ஜூன் 6

ஜப்பானிய மௌனப்படங்களுக்குத் திரையருகே நின்று கதை சொல்லும் பென்ஷி உண்டு. என் நாடகத்தில் அவரும் இல்லை.

ஜூன் 10

பதிப்பாளர் சுதாயா ஜூசாபுரோவை எங்கே வைப்பது என்ற சிக்கல் தீர்ந்தது. உதமாரோவை வளர்த்துவிட்ட அவர் 1797-இலேயே இறந்துவிட்டார். ஆனால் 1791-இல் அவர் வெளியிட்ட நூல்களுக்காக எழுத்தாளர் சாந்தோ கியோதென் இதே 50 நாள் விலங்கை அணிந்தார்; சுதாயா பாதிச் சொத்தை இழந்தார். ஆகவே இரண்டாம் காட்சியில் விலங்கு முதலில் இன்னொருவர் கையில் தெரியட்டும். உதமாரோ அதைப் பார்த்துவிட்டு, பாதியில் விட்ட கோட்டைத் தொடரட்டும்.

ஜூன் 14

விலங்கு கழன்றதும் உதமாரோ ஆவேசமாக வரைவதாக எழுதியிருந்ததை இன்று அடித்துவிட்டேன். 1806-இல் அவர் இறந்தார். இடைப்பட்ட காலத்தை வெற்றியாகக் காட்ட மனம் ஒப்பவில்லை. விலங்கு நாள்களிலேயே நாடகம் முடிகிறது. வேறொரு தெருவில் ஓர் அச்சுக்கூடம். அச்சிடுபவர் உதமாரோவின் பழைய பலகையில் மை தடவி, ஈரத்தாளை மூலைக்குறியில் பொருத்தி, மூங்கில் மட்டை பொதிந்த பாரென் என்ற தேய்ப்பு வட்டால் அழுத்தித் தேய்த்து, தாளை மெல்ல உரிக்கிறார். நெற்றியோரத்து முடி இழை இழையாக எழுகிறது.