ஆறு மைலுக்கு ஆறு மைல்

மன்னார்குடிப் பக்கம் எங்கள் ஊரில் எல்லை எது என்று கேட்டால் ஆற்றையும் வாய்க்காலையும்தான் காட்டுவார்கள். பாமணியாறு வளைகிற இடத்தில் ஊரும் வளையும். இப்போது நாங்கள் குடியிருக்கும், அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்து டவுன்ஷிப்புக்கு (நம் பஞ்சாயத்து மாதிரி) அந்தத் தொந்தரவே கிடையாது. 1785-ல் வந்த நிலச் சட்டத்தின் வழியில், குறுக்கே ஓடை வந்தாலும் சதுப்பு வந்தாலும் பார்க்காமல் கோடு கிழித்து வெட்டிய சதுரம். பக்கத்துக்கு ஆறு மைல், உள்ளே 36 செக்‌ஷன், ஒவ்வொன்றும் 640 ஏக்கர்ச் சதுரக் கட்டம்.

லீவுக்கு ஊருக்கு வந்தபோது பெரியப்பாவிடம் இதைச் சொன்னேன். ஒரு காலத்தில் வார்டு மெம்பராக இருந்தவர். "640 ஏக்கர்னா எத்தனை வேலிடா?" என்றார். நான் செல்போனைத் திறப்பதற்குள், "ஏக்கருக்கு மூணு மா, வேலிக்கு இருபது மா... தொண்ணூத்தாறு" என்று அவரே முடித்துவிட்டார்.

செக்‌ஷன் கோட்டின் மேலேயே ரோடு போட்டிருப்பதால் அங்கே மைலுக்கு ஒரு நாற்சந்தி. ஆனால் நேராகப் போகும் ரோடு சில இடங்களில் காரணமே இல்லாமல் கொஞ்சம் ஒதுங்கி, மறுபடி நேராகும். பூமி உருண்டை, வடக்கே போகப் போக தீர்க்கரேகைகள் நெருங்கும். அந்தக் கணக்கை அங்கங்கே சரிசெய்ததால் வந்த வளைவு அது. பனிக்காலத்தில் அந்த இடத்தில் வண்டி ஓட்டிப் பார்த்தால்தான் சர்வேயர்மேல் கோபம் வரும்.

நிர்வாகம் சின்னதுதான். சூப்பர்வைசர், கிளார்க், கஜானாப் பொறுப்புக்கு ட்ரெஷரர், கூட இரண்டோ நான்கோ உறுப்பினர்கள். எல்லோருமே நான்கு வருஷத்துக்கு ஒருமுறை ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கப்படுகிறவர்கள், கிளார்க் உட்பட. நம் ஊர் பஞ்சாயத்துச் செயலரை ஜனங்களே ஓட்டுப் போட்டு உட்காரவைத்தால் எப்படி இருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். சொத்து மதிப்பீடு, வரி வசூல், தேர்தல் நடத்துவது, இவைதான் சட்டப்படி கட்டாய வேலைகள். கிராமத்து ரோடு கவுண்டி, அதாவது மாவட்ட அளவிலான ரோடு கமிஷனுடையது. ஆகவே குண்டும் குழியுமான ரோட்டுக்கு டவுன்ஷிப் ஆபீஸில் போய்ச் சண்டை போட்டுப் பிரயோஜனமில்லை.

எனக்கு ஆச்சரியம் வடிகால்தான். நாங்கள் இருக்கும் பகுதி ஒரு காலத்தில் ஏரிப்படுகையாக இருந்த களிமண் பூமி. டெல்டா மாதிரியே தட்டை. தண்ணீர் தானாக வடியாது. சர்க்கரை எடுக்கும் பீட்ரூட் வயலுக்கு அடியில் குழாய் பதித்து, வயலோரத்து டிரெயினில், அதாவது வடிகால் வாய்க்காலில், இறக்கிவிடுகிறார்கள். அந்த டிரெயின்களைப் பார்த்துக்கொள்ள கவுண்டிக்கு ஒரு டிரெயின் கமிஷனர். அவரையும் ஜனங்கள்தான் தேர்ந்தெடுக்கிறார்கள்! 1956-ல் வந்த வடிகால் சட்டப்படி ஒவ்வொரு டிரெயினுக்கும் தனி எல்லை உண்டு. அது சதுரத்தை மதிக்காது. எந்த நிலத்துத் தண்ணீர் அதில் வந்து சேருகிறதோ அதுதான் கணக்கு. தூர் வாருகிற செலவும் அந்த எல்லைக்குள் இருக்கிறவர்கள் தலையில்தான். டிசம்பர் வரிச் சீட்டில் ஒரு வரியாக வந்து நிற்கும்.

ஜூன் 12-ல் மேட்டூர் திறப்பார்களா என்று இங்கே ஊரே பேசும். ஐப்பசி, கார்த்திகையில் சம்பா மூழ்கும்போதுதான் வடிகால் ஞாபகம் வரும். அப்போது அது வெங்காயத்தாமரை மண்டிக் கிடக்கும். யாரைப் பிடிப்பது? ஒன்றியமா, நீர்வளத் துறையா, நூறு நாள் வேலையில் சேர்ப்பதா என்று அலைவதற்குள் பயிர் அழுகிவிடும். எல்லையைத் தண்ணீரைப் பார்த்துப் போட்ட ஊரில் வடிகாலுக்கென்று ஒரு ஆள் இல்லையே என்பதுதான் என் ஆற்றாமை.

"வடிகாலுக்கும் நாமதான் காசு கட்டணுமா?" பெரியப்பாவுக்கு அது பிடிக்கவில்லை. தண்ணீர் தேங்காத மேட்டு நிலத்துக்காரனும் கட்ட வேண்டும், அவன் தண்ணீரும் அதே டிரெயினில்தானே இறங்குகிறது என்றேன்.

"மேட்டுக்காரனுமா?" என்று நிமிர்ந்து உட்கார்ந்தார். எங்கள் வயல் பள்ளக்கால்.